இருபதில் பதின்மூன்று போனால்

பிப்ரவரி 3

அக்கா,

அத்தான் என் காசைத் தின்றுவிட்டார்.

நலம் விசாரிப்பதெல்லாம் கடைசியில் வைத்துக்கொள்கிறேன். வீட்டுக் கடனை ஒரேயடியாக முடித்துவிட எவ்வளவு பாக்கி என்று பேங்க்கில் கேட்கச் சொன்னேன். நீ அவர்கள் கொடுத்த தாளையே அனுப்பிவிட்டாய். பதினேழு லட்சத்துப் பதினைந்தாயிரம் என்று அதில் இருக்கிறது. நாம் வாங்கியதே இருபது லட்சம். மாசம் பதினெட்டாயிரம் வீதம் ஆறு வருஷமாக அனுப்புகிறேன். ஒரு மாசம்கூட நிறுத்தியதில்லை. பதின்மூன்று லட்சம் ஆகிறது. இருபதில் பதின்மூன்று போனால் ஏழு. அந்த ஏழைச் சேர்த்து உன் கணக்கில் போட்டும் வைத்தாகிவிட்டது. இப்போது பதினேழு எங்கிருந்து வந்தது?

நான் அனுப்புவது உன் கணக்குக்கு. அங்கிருந்து எடுத்துக் கடனில் கட்டுவது அத்தான். நடுவில் இருப்பவர் அவர் ஒருவர்தான். நான் வேறு யாரைக் கேட்பது?

அறையில் என் கட்டிலுக்கு மேல்கட்டிலில் இருக்கும் வெல்டரிடம் சொன்னேன். "சொந்தக்காரன்கிட்டயா குடுத்து வச்ச? பேசாம கடல்ல போட்டிருக்கலாம்டா, கிளிஞ்சலாவது ஒதுங்கியிருக்கும்" என்கிறான்.

நான் டிசம்பரோடு வேலையை விடுவதாக எழுதிக் கொடுத்துவிட்டேன். ஆஸ்பத்திரிப் படுக்கை விரிப்புகளை ஆவியில் வேகவைத்து வேகவைத்து என் கையில் ரேகையே அழிந்துவிட்டது. கடன் முடிகிறது, ஊர் திரும்புகிறேன் என்று எல்லோரிடமும் சொல்லியாகிவிட்டது. அவரைக் கேட்டு எழுது. போன் வேண்டாம். போனில் நீ அழுவாய், நான் கத்துவேன், விஷயம் பக்கத்து வீட்டுக்காரருக்குத்தான் போய்ச் சேரும்.

உன் முதுகுவலி பரவாயில்லையா? பாப்பா படிக்கிறாளா?

தம்பி


பிப்ரவரி 21

தம்பிக்கு,

இங்கே உடம்புக்கு ஒன்றுமில்லை. நீ நல்ல புத்தியோடு எழுதினாயா, காய்ச்சலில் எழுதினாயா என்றுதான் தெரியவில்லை.

உன் கடிதத்தைப் படித்தது நான் இல்லை. அவர். ஆறு வருஷமாக அதுதானே வழக்கம்? நான் அடுப்படியில் நிற்பேன். அவர் பஸ் டிப்போவிலிருந்து வந்து காக்கிச் சட்டையைக்கூடக் கழற்றாமல் நாற்காலியை இழுத்துப் போட்டு, உன் குரலை மாதிரியே இழுத்து இழுத்துப் படிப்பார். பாப்பா சிரிப்பாள். இந்தத் தடவையும் "சலவை துரை எழுதியிருக்காரு, எல்லாரும் வாங்க" என்று பிரித்தார். முதல் வரியை உரக்கவே படித்துவிட்டார். உன் இழுப்பிலேயே. பாப்பா சிரித்தும்விட்டாள். அப்புறம்தான் நிறுத்தினார்.

மீதியைச் சத்தமில்லாமல் படித்தார். மடித்து மேசையில் வைத்தார். "குளிச்சிட்டு வரேன்" என்று போனார். ரொம்ப நேரம் தண்ணீர் ஓடிக்கொண்டே இருந்தது.

கட்டிய ரசீது எல்லாம் இருக்கிறது. ஒரு மாசம் விடாமல் இருக்கிறது. வேண்டுமானால் நகலெடுத்து அனுப்புகிறேன், அந்தச் செலவையும் உன் கணக்கில் எழுதிக்கொள். பதினேழு எப்படி வந்தது என்று எனக்கும் புரியவில்லை. கேட்பதென்றால் பேங்க்கைக் கேள். நீயும்தானே கையெழுத்துப் போட்டவன்.

அப்புறம், அவருக்கு ஒரு வரி எழுதிவிடு. அதிகம் வேண்டாம்.

நேரத்துக்குச் சாப்பிடு.

அக்கா


மார்ச் 12

அக்கா,

உடம்பு நன்றாக இருக்கிறது. ரத்தம்தான் கொதிக்கிறது. பேங்க்குக்கு எழுதினேன், மாதவாரி அட்டவணையை அனுப்பிவிட்டார்கள். உட்கார்ந்துகொண்டு படி.

நான் அனுப்பிய முதல் பதினெட்டாயிரத்தில் வட்டி மட்டும் பதினைந்தாயிரம். கடனில் கழிந்தது மூவாயிரம். முழுப் பாக்கிக்கும் முதலில் வட்டியை எடுத்துக்கொள்கிறான், மிச்சத்தைத்தான் கடனில் கழிக்கிறான். அடுத்த மாசமும் அதே கதை, இருபது இருபத்தைந்து வித்தியாசத்தில். இப்படி ஆறு வருஷம். பதின்மூன்று லட்சம் கட்டியதில் பத்து லட்சம் வட்டிக்கே போயிற்று. கடன் குறைந்தது மூன்று லட்சம்கூட இல்லை. இருபது வருஷமும் இப்படியே கட்டினால் மொத்தம் நாற்பத்துமூன்று லட்சம். இருபது லட்சத்துக்கு!

யாரும் மறைக்கவில்லை என்பதுதான் எரிச்சல். பதினெட்டாயிரம் என்றும் இருநூற்று நாற்பது மாசம் என்றும் நாம் கையெழுத்துப் போட்ட பக்கத்திலேயே இருக்கிறது. இரண்டையும் பெருக்கிப் பார்க்க நமக்குத் தோன்றவில்லை. கடன் கொடுக்கும்போது டை கட்டிய அந்தப் பேங்க் ஆள் என்ன சொன்னான், நினைவிருக்கிறதா? "மாசம் பதினெட்டுதாங்க, வாடகை குடுக்கற மாதிரி நெனச்சுக்குங்க." நம்மை மாதிரி ஆட்களிடம் மொத்தத்தைச் சொல்ல மாட்டார்கள், மாசத்தைத்தான் சொல்வார்கள். மொத்தத்தைச் சொன்னால் எழுந்து ஓடிவிடுவோம் என்று தெரியும். வெல்டர் சொல்கிறான்: "நீ வீடு கட்டலடா. பேங்க்குக்கு ஒரு மாடி எடுத்துக் குடுத்திருக்க."

இப்போது செய்ய வேண்டியது ஒன்றுதான். ஏழு லட்சத்தைக் கொண்டுபோய்க் கடனில் கட்டு. கட்டும்போது, தவணையைக் குறைக்கட்டுமா, வருஷத்தைக் குறைக்கட்டுமா என்று கேட்பார்கள். வருஷத்தை என்று சொல். பதினெட்டாயிரம் அப்படியே இருக்கட்டும். பதினான்கு வருஷம் பாக்கி ஆறு வருஷமாகச் சுருங்கிவிடும். டிசம்பர் போய்விட்டது, சரி. ஆறு வருஷமாவது கண்ணுக்குத் தெரிகிற தூரம்.

அத்தானிடம் சொல்லிவிடு, அவர்மேல் எனக்குக் கோபமில்லை.

தம்பி


ஏப்ரல் 4

தம்பிக்கு,

எல்லோரும் சுகம். நீ கால் வீக்கத்துக்கு மருந்து போடுகிறாயா?

பேங்க்குக்குப் போனேன். அவர் வரவில்லை, நான் மட்டும்தான். கிளினிக் டோக்கன் வேலைக்கு அரை நாள் விடுப்பு. மூன்று கவுன்ட்டர் மாற்றினார்கள். கடைசியில் ஒரு பெண், என் வயசுதான் இருக்கும், ஒரு கையால் கம்ப்யூட்டரைத் தட்டிக்கொண்டே மறுகையால் பிஸ்கட் தின்றாள். நான் பேச ஆரம்பித்ததும், "சீக்கிரம் சொல்லுங்க மேடம், பின்னாடி ஆள் நிக்கிறாங்க" என்றாள். தினமும் நோயாளிகளிடம் நான் சொல்கிற வார்த்தை. எதிர்ப்பக்கம் நின்று கேட்டால் எப்படி இருக்கும் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

ஏழு லட்சத்தையும் கட்டிவிட்டேன். ஆயிற்று.

அவர் தொலைதூர வண்டிக்கு மாற்றிக் கேட்டிருக்கிறார். உனக்குக் கோபமில்லை என்று சொன்னேன். "அப்படியா, ரொம்ப சந்தோஷம்" என்றார். கோபப்பட வேண்டியது யார் தம்பி? நான் கேட்டது அந்த ஒரு வரி.

அக்கா


ஏப்ரல் 23

அக்கா,

கால் வீக்கம் வடிந்துவிட்டது. ஏழு லட்சம் போனது போகட்டும். வருஷத்தைத்தானே குறைக்கச் சொன்னாய்? "ஆயிற்று" என்றால் எது ஆயிற்று? ஒரு வார்த்தை எழுதக் கூடாதா?

வேலையை விடுவதாகக் கொடுத்த தாளைத் திரும்பக் கேட்கப் போனேன். சூப்பர்வைசர் அதை மேசைமேல் வைத்துத் தட்டிக்கொண்டே, "போறேன்னு நீயே குடுத்த, இப்ப இருக்கேன்னு நீயே வர. இது என்ன, உன் மாமியார் வீடா?" என்றார். பக்கத்தில் இரண்டு பேர் சிரித்தார்கள். நின்றேன். கடைசியில் திருப்பிக் கொடுத்தார், ஆனால் இஸ்திரிப் பிரிவிலிருந்து ஈரப் பிரிவுக்கு மாற்றிவிட்டார். ரத்தக்கறைத் துணி வந்து விழுகிற இடம். இன்னும் ஆறு வருஷம் அங்கேதான். பரவாயில்லை, ஆறு என்றால் தாங்குவேன். அதற்குத்தான் கேட்கிறேன், ஆறுதானே?

அத்தானுக்குத் தனியாக எழுத என்ன இருக்கிறது? கணக்கு எங்கே இடித்தது என்று தெரிந்துவிட்டது, அவர் இல்லை என்றும் தெரிந்துவிட்டது. அதோடு முடிந்தது. நேரில் வரும்போது பேசிக்கொள்கிறேன்.

தம்பி


ஜூன் 16

தம்பிக்கு,

நானும் பாப்பாவும் நலம். எழுதத் தாமதம். கிளினிக்கில் காய்ச்சல் கூட்டம். டோக்கன் கொடுத்தே விரல் தேய்கிறது.

சமையலறைக் குழாய் உடைந்து வீடெல்லாம் தண்ணீர். குழாய் பழுது பார்க்க வந்தவர் சுவரைத் தட்டிப் பார்த்து, "வீட்ல ஆம்பளைங்க யாரும் இல்லையாம்மா? பேசி முடிவு பண்ணணும், செலவு ஆகும்" என்றார். "முடிவு பண்றது நான்தான், நீங்க பேசுங்க" என்றேன். பாதி விலைக்கு இறங்கிவிட்டார். இத்தனை வருஷம் நான் வாயைத் திறக்காமல் எவ்வளவு இழந்தேனோ.

பாப்பாவுக்குக் கணக்குப் பாடத்தில் நல்ல மதிப்பெண். உன்னை மாதிரி வந்துவிடுவாளோ என்று பயமாக இருக்கிறது.

அக்கா


ஜூலை 5

அக்கா,

நீ குழாயைப் பற்றி எழுது, நான் இங்கே பைத்தியம் பிடித்து அலைகிறேன். பேங்க்கிலிருந்து எனக்கே புது அட்டவணை வந்துவிட்டது. மாசத் தவணை பத்தாயிரத்து அறுநூற்று ஐம்பது. பதினான்கு வருஷம்! தவணையைக் குறைத்திருக்கிறாய்!

அத்தனை தெளிவாக எழுதினேனே. வருஷத்தைக் குறைத்திருந்தால் இனிமேல் கட்டுவது பதின்மூன்றேகால் லட்சம். இப்போது கட்டப்போவது பதினெட்டு லட்சம். நாலரை லட்சத்துக்கு மேல் தண்டம். ஒரே ஒரு வார்த்தையை மாற்றிச் சொன்னதற்கு! நாலரை லட்சம் என்றால் எத்தனை ஆயிரம் படுக்கை விரிப்பு என்று தெரியுமா உனக்கு? பதினான்கு வருஷம் கழித்து எனக்கு ஐம்பத்திரண்டு வயசு. அப்போது வந்து அந்த வீட்டில் என்ன செய்ய? இருமிக்கொண்டு உட்கார்ந்திருக்கவா?

நான் இன்னும் பதினெட்டாயிரம்தான் அனுப்புகிறேன். மாசா மாசம் மிஞ்சுகிற ஏழாயிரத்துச் சொச்சம் எங்கே போகிறது? இப்படிச் செய்யச் சொன்னது யார்? அத்தானா? கையில் காசு புரளட்டும் என்று பார்க்கிறாரா? அவரையே எனக்கு எழுதச் சொல்.

எல்லோரும் நலம்தானே.

தம்பி


ஜூலை 25

மச்சான்,

சுகம். நீயும் சுகமாக இரு. நான் எழுத வேண்டும் என்று கேட்டாயாம். உன் அக்கா உன் கடிதத்தை டிப்போவுக்கே அனுப்பி வைத்தாள்.

நான் ஏப்ரலிலிருந்து வீட்டில் இல்லை. டிப்போ ஓய்வறையில் இருக்கிறேன். பாப்பாவைப் பள்ளி வாசலில் பார்த்துக்கொள்கிறேன், அவள் செலவுக்கு முடிந்ததைக் கொடுக்கிறேன். அந்த வீட்டின் கடனுக்கும் எனக்கும் இனிச் சம்பந்தமில்லை. பேங்க்குக்கு அவள் போன அன்று கூப்பிட்டாள், வர மாட்டேன் என்றேன். ஏழு லட்சத்துக்குப் பக்கத்தில் நான் நின்றால் நாளைக்கு அதற்கும் கேள்வி வரும். அங்கே அவள் என்ன சொன்னாள் என்று எனக்குத் தெரியாது. கேட்கவும் இல்லை.

நீ கேட்காததையும் ஒன்று சொல்கிறேன். உன் பணம் தவணை நாளுக்குள் வராத மாசங்கள் உண்டு. ஒன்றிரண்டு இல்லை, பதினோரு தடவை. பேங்க்காரன் அபராதம் போடுவான் என்று டிப்போவில் சம்பள முன்பணம் வாங்கி நான் கட்டினேன். உன் பணம் வந்ததும் எடுத்துக்கொண்டேன். இதைச் சொல்லிக்காட்ட வேண்டும் என்று தோன்றியதில்லை. குடும்பத்தில் இதெல்லாம் உள்ளதுதானே என்று இருந்துவிட்டேன்.

என் மகள் முன்னால் நானே என்னைத் திருடன் என்று படித்தேன். அந்தச் சிரிப்பு எனக்கு இன்னும் காதில் இருக்கிறது. அதற்கப்புறம் நீ பக்கம் பக்கமாக வட்டிக் கணக்கு எழுதினாய். எல்லாவற்றையும் படித்தேன். புரிந்தது. வேறு எதையோ தேடித்தான் படித்தேன்.

அத்தான்


ஆகஸ்ட் 12

அத்தானுக்கு,

வணக்கம். உங்கள் கடிதம் கிடைத்தது. நீங்கள் வீட்டில் இல்லை என்பது எனக்குத் தெரியாது. அக்கா ஒரு வார்த்தை எழுதவில்லை.

பதினோரு தடவை என்பதும் தெரியாது. நான் அனுப்பிய தேதிகளை எடுத்துப் பார்த்தேன், நீங்கள் சொன்னது சரி. சராசரி பன்னிரண்டு நாள் தாமதம். பதினெட்டாயிரத்துக்கு ஒன்பது சதவீதத்தில், பதினோரு தடவைக்கும் சேர்த்து ஐந்நூற்று எண்பத்தாறு வருகிறது. அதை டிப்போ முகவரிக்கு அனுப்பியிருக்கிறேன். யாரிடமும் கடன்பட்டு நிற்பது எனக்குப் பிடிக்காது. முன்பணத்துக்கு டிப்போவில் வட்டி கூட இருந்தால் சொல்லுங்கள், வித்தியாசத்தை அனுப்புகிறேன்.

பிப்ரவரியில் எழுதியது அன்று கையில் இருந்த தாளை வைத்து எழுதியது. நீங்கள் வீட்டுக்குப் போய்விடுங்கள். அக்காவிடம் சொல்லித் தவணையை மறுபடி பதினெட்டாயிரமாக மாற்றச் சொல்லுங்கள். கேட்டால் மாற்றிக் கொடுப்பார்களாம்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

தம்பி


செப்டம்பர் 8

தம்பிக்கு,

நலம் என்று எழுதக் கை வரவில்லை.

போன வாரம் கிளினிக்கில் தலை நிமிராமல் டோக்கன் எழுதிக்கொண்டிருந்தேன். அடுத்த ஆள் வந்து நின்றார். "என்ன உடம்புக்கு?" என்று பழக்கத்தில் கேட்டுவிட்டேன். "ஒண்ணுமில்ல. வட்டி வந்திருக்கு" என்றார். பார்த்தால் அவர். நோயாளிகளோடு வரிசையில் நின்று வந்திருக்கிறார். உன் கடிதத்தையும் பணத்தையும் ஓர் உறையில் போட்டு ஜன்னல் வழியாக உள்ளே தள்ளினார். "உன் தம்பிகிட்ட குடுத்துடு. நான் தண்டலுக்கு விடல" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். பின்னால் நின்ற அம்மாள், "பாவம், காசில்லாம மருந்து வாங்காமலே போறாரு" என்றாள்.

ஐந்நூற்று எண்பத்தாறு! நீ மனுஷனா, கால்குலேட்டரா? உன் ஆறு வருஷத்தைப் பேங்க்காரன் தின்றான் என்று குதித்தாயே. அவர் மானத்தை நீ தின்றதற்கு எத்தனை சதவீதம் போட்டாய்?

இப்போது தவணை விஷயத்துக்கு வருகிறேன். இனிமேல் கேட்காதே. நீ எழுதியது எனக்குப் புரிந்துதான் இருந்தது. நாலரை லட்சம் கூட ஆகும் என்று அந்தப் பிஸ்கட் பெண்ணும் சொன்னாள். "தவணையா வருஷமா மேடம்?" என்றாள். ஒரு நிமிஷம் நின்றேன். பதினெட்டாயிரம் என்றால் அது உன் பணம் வந்தால்தான். வராத மாசத்தில் அவர் போட்டார் என்று எனக்குத் தெரியும், அவர்தான் எனக்குத் தெரியாது என்று நினைத்துக்கொண்டிருந்தார். இனிமேல் போட மாட்டார். அப்படியானால் யார் போடுவார்? உன்னை வேலையை விட்டுத் துரத்தினால்? நீ அந்த ஆவியில் வழுக்கி விழுந்தால்? நாலு மாசம் கட்டாவிட்டால் வீட்டுக் கதவில் ஜப்தி என்று தாள் ஒட்டுவார்கள். இரண்டு தெரு தள்ளி ஒட்டியிருக்கிறார்கள், தினமும் அதைத் தாண்டித்தான் பாப்பா பள்ளிக்குப் போகிறாள். பத்தாயிரத்து அறுநூற்று ஐம்பது என்றால் என் சம்பளத்தில் நான் தனியாகக் கட்டுவேன். வயிற்றைக் கட்டியாவது கட்டுவேன். அதனால் தவணை என்றேன். உன் அட்டவணையில் வட்டி இருக்கிறது, அசல் இருக்கிறது, என் பயத்துக்கு ஒரு கட்டம் இல்லையே.

மிஞ்சுகிற பணம் எங்கே என்று கேட்டாய். மூன்று மாசத்து மிச்சம் பாப்பாவின் பள்ளிக்குப் போயிற்று. கேட்காமல் எடுத்தேன். திருடி என்று எழுதுவதானால் எனக்கு எழுது, சரியாக இருக்கும். மற்றது கணக்கிலேயே இருக்கிறது. சேர்த்து வைத்து வருஷத்துக்கு ஒரு தடவை கடனில் கட்டலாம், தனிக் கட்டணம் இல்லை என்றும் கேட்டு வைத்திருக்கிறேன். அப்படிக் கட்டினால் பதினான்கு வருஷம் பாதியாகும். எனக்கும் கொஞ்சம் கணக்கு வரும்.

நீ வர வேண்டும் என்பது எனக்கு மட்டும் ஆசை இல்லையா? ஆனால் நீ வருகிற வீட்டில் யார் இருக்க வேண்டும்?

அவருக்கு எழுது. தாளை வைத்து எழுதியது, தேதியை வைத்து எழுதியது, அதெல்லாம் வேண்டாம். தப்பு என்று எழுது.

அக்கா


நவம்பர் 14

தம்பிக்கு,

இருக்கிறோம். என் கடிதம் கிடைத்திருக்கும். பணம் மட்டும் ஒன்றாம் தேதியே வந்துவிடுகிறது. இரண்டு மாசமும் இரண்டாயிரம் கூடவே வந்திருக்கிறது. அதை நான் கேட்கவில்லை.

வேறு ஊர் டிப்போவுக்கு நிரந்தரமாகப் போக அவர் டிப்போவில் ஆள் கேட்கிறார்கள். விருப்பம் இருந்தால் மாசக் கடைசிக்குள் கையெழுத்துப் போட வேண்டுமாம். பாப்பாவிடம் சொல்லியிருக்கிறார், என்னிடம் சொல்லவில்லை. "போட்டுடுவீங்களாப்பா?" என்று அவள் கேட்டதற்கு, "பார்க்கலாம், கடுதாசி ஏதாவது வருதான்னு" என்றாராம்.

நேராக டிப்போவுக்கே எழுது. என் வழியாக வேண்டாம்.

அக்கா


டிசம்பர் 3

தம்பி,

நானும் பாப்பாவும் இருக்கிறோம். நீ நலம் என்று நினைத்துக்கொள்கிறேன், பணம் வந்ததால்.

முப்பதாம் தேதி சாயங்காலம் வரை அவர் டிப்போ அலுவலகத்தில் உட்கார்ந்திருந்தாராம். அப்புறம் கையெழுத்துப் போட்டுவிட்டார். வெள்ளிக்கிழமை முதல் வண்டியில் கிளம்புகிறார். பெட்டியை எடுக்க நாளைக்கு வீட்டுக்கு வருவார். ஒரு மணி நேரம் இருப்பார்.

போனில் பேச மாட்டேன் என்று நீதான் சொன்னாய். சரி, நானே சொல்கிறேன். நாளைக்கு அவர் இங்கே இருக்கும்போது கூப்பிடு. நான் எடுக்க மாட்டேன், அவரைத்தான் எடுக்கச் சொல்வேன். இந்தக் கடிதம் உன் கைக்கு வருவதற்குள் அந்த நாள் போய்விடும் என்று எனக்குத் தெரியும். அதனால் இதைச் சொல்லத்தான் காலையிலேயே உனக்குப் போன் செய்தேன். மணி அடித்துக்கொண்டே இருந்தது. உன் மேல்கட்டில் வெல்டர்தான் எடுத்தார். "இங்கதான்க்கா இருக்கான், பக்கத்துலயே நிக்கிறான்" என்றார். அப்புறம் ஒரு சத்தமும் இல்லை.

அங்கேதானே நின்றாய்? வாயைத் திறந்து பேசுடா.